உன் அக்காள் தின்ற புண்ணிய பூமி

சேசு மரி சூசை துணை

திண்டுக்கல்,
20-4-1958

அன்பும் அடக்கமும் தெய்வபக்தியும் ஒருங்கே அமைந்த மாப்பிள்ளை கிறிஸ்துராஜுக்கு, உன் அக்காள் புருஷனும் ஓய்வுபெற்ற தமிழாசிரியனுமாகிய சூசைமுத்து ஆசீர்வாதத்தோடு எழுதிக்கொண்டது. இவ்விடம் நானும் உன் அக்காள் ஆனந்தமேரியும், சுவர்க்கடிகாரம் நின்றுபோனது ஒன்று நீங்கலாக, சகல நலம். அவ்விடம் குவைத்து தேசத்தில் உன் நலமும், உன்னோடு ஒரே அறையில் தங்கியிருக்கும் வடமதுரை சோலைமலையின் நலமும், உங்கள் இருவருக்கும் சோறாக்கிப் போடுகிற புண்ணியவானின் நலமும் அறிய ஆவல்.

சகல நலம் என்று எழுதினேன் அல்லவா, அந்த இரண்டு வார்த்தையைப் பொய்யில்லாமல் எழுத இந்த வருஷம் எனக்கு ஏப்ரல் மாதம் வரை ஆகியிருக்கிறது. அதற்குக் காரணம் நீ அனுப்பிய டின். நன்றி என்று ஒரே வரியில் எழுதித் தபாலில் போட்டிருப்பேன். ஆனால் அந்த டின்னை நாங்கள் என்ன பாடு படுத்தினோம் என்பதைச் சொல்லாமல் நன்றி சொன்னால் அது அரைகுறை நன்றியாகிவிடும். ஆகவே பொறுமையாகப் படி. வெயில் வேளையாக இருந்தால் தண்ணீர் குடித்துவிட்டுப் படி.

கிறிஸ்மஸ் முடிந்த மறுவாரம் உன் அக்காளுக்கு டைபாய்டு வந்து இருபத்தெட்டு நாள் கிடந்தாள் என்றும், காய்ச்சல் விட்டுவிட்டது என்றும் எழுதியிருந்தேன். எழுதாமல் விட்டது ஒன்று உண்டு. காய்ச்சல் போகும்போது சும்மா போகவில்லை, அவள் நாக்கையும் சாகடித்துவிட்டுப் போயிற்று. எதை வாயில் வைத்தாலும் ஈரத்துணியை மெல்லுகிற மாதிரி இருக்கிறது என்பாள். இரண்டு கரண்டி கஞ்சி, அப்புறம் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வாள். டாக்டர் வேறு, புளி ஆகாது, காரம் ஆகாது, ஊறுகாய் கண்ணிலேயே படக்கூடாது என்று சொல்லியிருந்தார். நான் முப்பத்தொரு வருஷம் தலைமையாசிரியர் சொல்லைத் தட்டாமல் வேலை பார்த்தவன். டாக்டர் சொன்ன அன்றைக்கே புளிப்பானையைத் தூக்கிக்கொண்டுபோய் எதிர்வீட்டு செபஸ்தியம்மாளிடம் ஒப்படைத்துவிட்டேன். உன் அக்காள் கைவளையல் முழங்கைக்கு ஏறிவிட்டது. கல்யாண மோதிரத்துக்கு நூல் சுற்றிப் போட்டுக்கொண்டாள், பிறகு அந்த நூலும் போதவில்லை. மாசி பிறந்ததும் டாக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "வாத்தியாரே, மருந்து அம்புட்டுத்தேன். இனிமே அவுக சாப்ட்டாத்தேன் உண்டு. சாப்டலைன்னா எங்கிட்ட கூட்டியாந்து பிரயோசனமில்ல" என்றார். சரிங்க என்று தலையை ஆட்டிவிட்டு வந்தேன். தெருமுனையில் சைக்கிளை உருட்டவும் முடியாமல் ஏறவும் முடியாமல் அப்படியே பிடித்துக்கொண்டு நின்றேன். எனக்குப் பயமாக இருந்தது, மாப்பிள்ளை. அவள் இல்லாத வீட்டில் எந்த டப்பாவில் என்ன இருக்கிறது என்றுகூட எனக்குத் தெரியாது.

இப்படி இருக்கையில், விபூதித் திருநாளுக்கு மறுநாள், உன் சோலைமலை லீவு முடிந்து போகிற அவசரத்தில் வாசலில் ஜட்காவை நிறுத்திவிட்டு உள்ளே ஓடிவந்தான். கையில் ஒரு பால்பவுடர் டின். "கிறிஸ்துராஜண்ணன் எருசலேமுக்குப் போய்ட்டு வந்துச்சுங்கய்யா. இத ஒங்ககிட்டக் குடுக்கச் சொல்லுச்சு. பத்திரமா வச்சுக்கிடணுமாம். வெவரம் லெட்டர்ல எழுதுதாம். ரயிலுக்கு நேரமாச்சு, நான் வாரேன்" என்று மூச்சுவிடாமல் சொல்லிவிட்டு, கொடுத்த மோரைக்கூடக் குடிக்காமல் போய்விட்டான். நீ எழுதின லெட்டர் இன்றுவரை வந்து சேரவில்லை. அதனால் விவரத்தை நாங்களே உண்டாக்கிக்கொள்ள வேண்டியதாயிற்று.

மூடியைத் திறந்தால் உள்ளே கருஞ்சிவப்பாக ஒரு பொடி. செம்பட்டிப் பக்கத்துச் செம்மண்ணைச் சலித்து ஈரம் காயாமல் அள்ளி வைத்த மாதிரி இருந்தது. டின்மேல் ஒட்டியிருந்த காகிதத்தில் வலமிருந்து இடமாக என்னவோ எழுதியிருந்தது. எருசலேம், சிவப்பு, பத்திரமாக வைக்கவும், இந்த மூன்றையும் கூட்டிப் பார்த்து, இது ஆண்டவர் நடந்த மண், எழுத்து ஆண்டவர் பேசிய பாஷை என்று நான்தான் தீர்ப்புச் சொன்னேன். தமிழைத் தவிர வேறு எழுத்து அறியாதவனின் தீர்ப்பு. உன் அக்காளைக் கைத்தாங்கலாக எழுப்பி உட்காரவைத்து, அந்தக் காகிதத்தை இருவரும் உதட்டில் ஒற்றி முத்தி செய்தோம். டின்னை மாதா சுரூபத்தின் காலடியில் வைத்து, இரண்டு மெழுகுதிரி ஏற்றி, கோயிலிலிருந்து தீர்த்தம் கொண்டுவந்து தாராளமாகத் தெளித்தேன்.

செபஸ்தியம்மாளுக்குத் தெரிந்தால் நாலு தெருவுக்குத் தெரிந்த மாதிரி. சாயங்காலத்துக்குள் வாசலில் செருப்பு வைக்க இடமில்லை. வந்தவர்கள் நெற்றியில் எல்லாம் நான் ஒரு சிட்டிகை எடுத்துச் சிலுவை போட்டேன். அது வேர்வையில் கரைந்து மூக்குத்தண்டு வரைக்கும் இறங்கியது. ஞாயிற்றுக்கிழமை பூசையில் சாமியார் திரும்பிப் பார்க்கிறார், இருபத்தேழு பேர் நெற்றியில் சிவப்பு. பிரசங்கத்தை நிறுத்திவிட்டு, "புதன்கிழமை நான் சாம்பல்தானே பூசினேன்" என்று கேட்டார். எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். அன்றைக்கு நான் முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தது தப்பு.

அதோடு நெற்றி வைத்தியத்தை நிறுத்திவிட்டேன். நிறுத்தியும் டின்னில் மண் குறைந்துகொண்டே வந்தது. வாரத்துக்கு ஒரு விரற்கடை இறங்கியது. இன்னொரு பக்கம் உன் அக்காள் முகம் தெளிந்துகொண்டே வந்தது. காலையில் நான் பூசைக்குப் போய்விட்டுத் திரும்பினால் பழைய சோற்றுக் கும்பா கழுவிக் கவிழ்த்திருக்கும். அடுப்படி வரைக்கும் சுவரைப் பிடிக்காமல் நடந்தாள். மோதிரத்து நூலை அவிழ்த்தாள். டின் இறங்க இறங்க அவள் தேறுவதைக் கண்ணால் பார்த்தும், சந்தி பிரித்துப் பொருள் சொல்லியே காலம் கழித்த எனக்கு, இந்த இரண்டையும் சேர்த்துப் பார்க்கத் தோன்றவில்லை. எனக்குத் தோன்றியதெல்லாம் செபஸ்தியம்மாள் முட்டிவலிக்கு மண்ணைத் திருடுகிறாள் என்பதுதான். நேரே போய்க் கேட்டும்விட்டேன். அந்த அம்மாள் முறத்தைக் கீழே வைத்துவிட்டு, "வாத்தியாரே, ஒங்க புளிப்பானைய ரெண்டரை மாசமா நாந்தான் காத்துக்கிட்டு இருக்கேன். அதுல ஒரு கொட்ட கொறஞ்சிருந்தாச் சொல்லுங்க. மண்ண அள்ளிட்டுப் போயி நான் என்ன வீடா கட்டப் போறேன்" என்று சொல்லி, அன்றோடு எங்கள் வீட்டுப் பக்கம் பார்ப்பதையே விட்டுவிட்டாள். நான் டின்னை டிரங்குப் பெட்டியில் வைத்துப் பூட்டி, சாவியை அரைஞாண்கயிற்றில் கட்டிக்கொண்டேன்.

பூட்டின மறுநாள் கும்பாவில் சோறு அப்படியே இருந்தது. அடுத்த நாளும் இருந்தது. மூன்றாம் நாள் அவள் மறுபடியும் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துவிட்டாள். என்னம்மா செய்கிறது என்று கேட்டால் ஒன்றுமில்லை என்பாள், என் முகத்தைப் பார்க்கமாட்டாள். நான்காம் நாள் தானாக எழுந்து சேலை மாற்றிக்கொண்டு, "பாவசங்கீர்த்தனத்துக்குப் போவணுங்க" என்றாள். நம் சனங்கள் சாகிற வேளையில்தான் அதை அவசரமாகக் கேட்பார்கள் என்று உனக்குத் தெரியும். உடனே ஜட்கா பிடித்துக் கூட்டிப்போனேன்.

பாவசங்கீர்த்தனத்தில் நடப்பது வெளியே வரக்கூடாது. இதை எழுத உன் அக்காளே உத்தரவு கொடுத்து, பக்கத்தில் உட்கார்ந்து, சரியாக எழுதுகிறேனா என்று பார்த்துக்கொண்டும் இருக்கிறாள்.

"சாமி, நான் புண்ணிய பூமியத் தின்னுட்டேன்."

"எதம்மா?"

"எருசலேம் மண்ணு, சாமி. அர டின்னு."

"மண்ண எப்படிம்மா தின்னே?"

"பழைய சோத்துல போட்டு, சாமி. ரெண்டு நாளு வெங்காயம் கடிச்சுக்கிட்டேன். தபசுகாலத்துல இம்புட்டு ருசியாத் தின்னது தனிப் பாவமா, இல்ல இதுலயே சேந்துருமா?"

வரிசையில் நின்ற எங்களுக்குக் கேட்டதெல்லாம், உள்ளே சாமியாருக்கு வந்த இருமல்தான். மரக்கூண்டே ஆடியது. கடைசியில் அவர் ஏழு நாளைக்கு ஐம்பத்து மூன்று மணிச் செபமாலையை அபராதமாகக் கொடுத்துவிட்டு, "அது மண்ணுதானான்னு வெவரம் தெரிஞ்சவுக யாருகிட்டயாச்சும் காட்டச் சொல்லும்மா. மண்ணு ருசியா இருக்காது" என்று சொல்லி அனுப்பியிருக்கிறார்.

திரும்பி வருகிற வழியில் ஜட்காவில் வைத்து எல்லாவற்றையும் என்னிடம் சொன்னாள். "நாக்குல ஒரு சிட்டிக வச்சா சொகமாகும்னுதேன் வச்சேன். புளிச்சுச்சுங்க. ரெண்டு மாசமா எதையும் அறியாத நாக்கு, அது புளிச்சதும் எனக்கு அழுகையே வந்துருச்சு. ஆண்டவர் காலு பட்ட மண்ணு புளிக்கும்போல, நமக்கு எங்க தெரியும்னு நெனச்சுக்கிட்டேன். அதுக்கப்புறம் விடமுடியல" என்றாள். இப்படிச் சொல்லிவிட்டு, நான் திட்டுவேன் என்று எதிர்பார்த்துத் தலையைக் குனிந்துகொண்டாள். நான் அரைஞாணிலிருந்து சாவியை அவிழ்த்து அவள் கையில் கொடுத்தேன்.

வீட்டுக்குப் போனதும் டின்னை எடுத்துக்கொண்டு பேகம்பூர் அப்துல் லத்தீப் பாயிடம் போனேன். அவர் தோல்ஷாப்பில் மேஸ்திரி, வாசகசாலையில் எனக்குப் பழக்கம், அரபு எழுத்துக் கூட்டிப் படிப்பார். கண்ணாடியை மாட்டிக்கொண்டு காகிதத்தை விரலால் தொட்டுத் தொட்டு, "சுமாக். முதல் தரம். ஈரம் படாமல் வைக்கவும்" என்று வாசித்தார். நான் தீர்த்தம் தெளித்ததை அவரிடம் சொல்லவில்லை. முத்தி செய்ததையும் சொல்லவில்லை. அவர் ஒரு சிட்டிகை எடுத்து நாக்கில் வைத்து, ஒரு கண்ணை மூடிக்கொண்டு, "வாத்தியாரய்யா, இது மண்ணு இல்ல, பழம்" என்றார்.

விஷயம் இதுதான். சுமாக் என்பது ஒரு குத்துச்செடி. பாறையும் சரளையுமான மலைச்சரிவில், தண்ணீர் ஊற்ற ஆளில்லாமல், தானே வளருமாம். குலைகுலையாகச் சிவப்புப் பழம் பிடிக்கும். மிளகு அளவுதான் இருக்கும், மேலெல்லாம் பூனைமயிர். அதைக் காயவைத்து இடித்து, உப்புப் பிசிறி, அரபுக்காரர்கள் சுட்ட கறிமேல் தூவிச் சாப்பிடுவார்களாம். அவருடைய பெரியத்தா ஹஜ்ஜுக்குப் போன இடத்தில் பார்த்துவிட்டு வந்து சொன்னாராம். பெயர் அவருக்குத் தெரிந்ததற்குக் காரணம் வேறு. இதே செடியின் இலைத்தூள் ஒரு தடவை தோல்ஷாப்புக்கு மூட்டையில் வந்திருக்கிறது. "நம்ம ஆவாரம்பட்டையில ஊறப் போடுறோம்ல, அதுமாதிரி இதோட எலையில போட்டா தோலு வெளுப்பா, பூ மாதிரி வரும். எலை தோலுக்கு, பழம் வயித்துக்கு. ஒங்க வீட்டம்மா சரியாத்தேன் தின்னுருக்காக" என்றார். கல்லூரியில் தாவரவியல் நடத்தும் ஒருவரை வழியில் பார்த்து விசாரித்தேன். மாமரமும் முந்திரியும் இதற்குப் பங்காளி முறை என்றார். உன் அக்காளுக்கு மாங்காய் என்றால் உயிர் என்பது உனக்குத் தெரியும். மாங்காய் கிடைக்காத மாசியில் அதன் பங்காளி கப்பலேறி வந்து பார்த்துவிட்டுப் போயிருக்கிறது.

நான் சும்மா இருப்பேனா. என்னிடம் இருக்கிற நிகண்டுகளையும் பழம்பாட்டுகளையும் இரண்டு நாள் புரட்டினேன். நெல்லி இருக்கிறது, நாவல் இருக்கிறது, விளாம்பழம் வேண்டிய மட்டும் இருக்கிறது, இந்தச் செடிக்கு நம் புலவர்கள் ஒரு வரி ஒதுக்கவில்லை. குறையை நானே தீர்த்துவிடலாம் என்று ஒரு வெண்பாவுக்கு உட்கார்ந்தேன். மூன்று அடி நன்றாக ஓடியது, ஈற்றடி மட்டும் மூன்று நாளாகப் படிதாண்ட மறுத்தது. உன் அக்காள் எட்டிப் பார்த்து, "பாட்டுக்கு ஏன் அதப் போட்டு வீணாக்குறீக, ரசத்துல போடுங்க" என்றாள். அந்த வெண்பா மூன்றடியோடு நிற்கிறது. ரசம் நன்றாக வந்தது.

பிறகு டாக்டரிடம் போய், இப்படிப் புளிப்புத் தின்றுவிட்டாளே, ஒன்றும் ஆகாதே என்று கேட்டேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்து, "புளிய ஒரு மாசத்துக்குத்தானய்யா நிறுத்தச் சொன்னேன், நீரு மூணு மாசமாவா நிறுத்தி வச்சிருக்கீரு" என்றார். ஆகவே மாப்பிள்ளை, அவளைப் பட்டினி போட்டது டைபாய்டு பாதி, நான் பாதி. இதை உன்னிடம் மறைக்க எனக்கு மனசில்லை. இந்த வரியை அவளுக்கும் வாசித்துக் காட்டினேன். "தெரியும், மேல படிங்க" என்றாள்.

தபசுகாலம் முடிந்து பாஸ்கு திருநாளன்று ஆட்டுக்கறி எடுத்து, வறுத்து, மேலே இந்தப் பொடியைத் தூவி, ஒரு கிண்ணம் எடுத்துக்கொண்டு நானே செபஸ்தியம்மாள் வீட்டுக்குப் போய் மன்னிப்புக் கேட்டேன். விவரத்தையும் சொன்னேன். சாப்பிட்டு முடித்துவிட்டு அந்த அம்மாள், "மண்ணுன்னே சொல்லிக் குடுத்துருக்கலாம் வாத்தியாரே, முட்டிக்கும் கேட்டுருக்கும்" என்றாள். புளிப்பானை அன்றைக்கே வீடு திரும்பியது.

இப்போது உன் அக்காள் மூன்று வேளையும் சாப்பிடுகிறாள். நேற்று என்னை இரண்டு தடவை அதட்டினாள். அதைக் கேட்க எவ்வளவு சந்தோஷமாக இருந்தது என்று எழுதத் தெரியவில்லை. இதற்கெல்லாம் நீதான் காரணம். அவளுக்குப் புளிப்புப் பிடிக்கும் என்பதைச் சின்ன வயதிலிருந்து மனசில் வைத்திருந்து, நோயில் கிடப்பவளுக்கு எது ஒத்துக்கொள்ளும் என்று ஆளாளாய் விசாரித்து, எத்தனையோ கடை ஏறி இறங்கி நீ இதைத் தேர்ந்தெடுத்திருக்கிறாய். பக்கத்திலிருந்த டாக்டருக்கும் தெரியவில்லை, கூடவே இருந்த எனக்கும் தெரியவில்லை. கடலுக்கு அந்தப் பக்கம் இருக்கிற உனக்குத் தெரிந்திருக்கிறது. உன் புத்திக்கும் பாசத்துக்கும் என் இரண்டு கையையும் எடுத்துக் கும்பிடுகிறேன். வயதில் மூத்தவன் கும்பிடலாமா என்று யோசிக்காதே, வாங்கிக்கொள்.

சர்வேசுரன் உன்னை வெயிலிலும் மணற்காற்றிலும் காப்பாராக. தேவமாதா உனக்குச் சீக்கிரம் ஒரு பெண்ணைக் காட்டுவாராக. இந்த மாசம் சிறுமலை வாழைப்பழம் நன்றாக இருக்கிறது, உன்னை நினைத்துக்கொண்டு இரண்டாக நானே சாப்பிடுகிறேன்.

இப்படிக்கு,
உன் நலம் விரும்பும் அத்தான்,
சூசைமுத்து

பின்குறிப்பு: மேலே கண்ட கடிதத்தை மடித்துக் கவரில் வைத்து, ஒட்டுவதற்குச் சோற்றுப் பருக்கை எடுக்கப்போன நேரத்தில், தபால்காரர் நீ பிப்ரவரியில் எழுதின கடிதத்தைக் கொண்டுவந்து கொடுத்தார். இந்த ஊரில் சூசைமுத்து என்று தெருவுக்கு நாலு பேர் இருக்கிறோம். உன் கடிதம் மகள் பிரசவத்துக்காகச் செம்பட்டி போயிருந்த வேறொரு சூசைமுத்து வீட்டில் இரண்டு மாதம் கிடந்திருக்கிறது. அதில் நீ எழுதியிருப்பது: "ஒலிவ மலை அடிவாரத்தில் என் கையாலேயே அள்ளின மண்ணை அக்காளுக்கு அனுப்புகிறேன். சோலைமலையும் அதே மாதிரி டின்னில் அவன் வீட்டுக்கு ஒரு சமையல் பொடி கொண்டுபோகிறான். அவசரத்தில் மாற்றிக் கொடுத்துவிடுவான். எழுத்து ஒட்டினது அவனுடையது. எழுத்து ஒட்டாதது உங்களுடையது."

இதைப் படித்துவிட்டு உன் அக்காள் டின்னை எடுத்துவந்து, ஒட்டியிருந்த எழுத்தைத் தடவிப் பார்த்தாள். மறுநாள் முதல் பஸ்ஸில் வடமதுரைக்குப் போனேன். சோலைமலையின் தாயார் மூக்காயி என்னை உட்காரவைத்து, "அரபு மசாலான்னு ரயிலுக்குப் போற அவசரத்துல மகன் குடுத்துட்டுப் போச்சுங்கய்யா. கறிக்கொழம்புல போட்டேன். நறநறன்னுச்சு. அம்புட்டுத் தொலவுல இருந்து கொண்டாந்த புள்ள மனசு நோகக்கூடாதுன்னு மூணு வாட்டி ஆக்கித் தின்னோம். அதுக்கு மேல பல்லு தாங்கல, மிச்சத்த மல்லிச்செடிக்கு அடியில கொட்டிட்டேன். நல்லாருந்துச்சுன்னு அதுக்குக் காயிதம் வேற போட்டாச்சு. இன்னும் ரெண்டு டின்னு வாங்கி வச்சிருக்காம், பயமா இருக்குங்க" என்றாள். நான் உண்மையைச் சொன்னதும் கன்னத்தில் போட்டுக்கொண்டு, "சாமி மண்ணையா தின்னோம், குத்தமாயிராதுங்களா" என்று மலைத்து நின்றாள். ஒரு குற்றமுமில்லை, வருகிற இரண்டு டின்னையும் எங்கள் வீட்டுக்கு அனுப்பிவிடுங்கள் என்று சொல்லித் தேற்றினேன். கொல்லைக்குப் போய் அந்தச் செடியிலிருந்தே ஒரு கை மொட்டுப் பறித்து இலையில் மடித்துக் கொடுத்தாள்.

ஆகவே, நீ அனுப்பாத பொடிக்காக நான் மேலே நாலு பக்கம் சொன்ன நன்றியில் பாதியைச் சோலைமலைக்குக் கொடுத்துவிடு. அவனிடம் காரணம் சொல்லாதே, அவன் அம்மா எழுதின பொய் பொய்யாகவே இருக்கட்டும். மீதிப் பாதி நீ கையால் அள்ளின மண்ணுக்கு. உன் அக்காளிடம், நீ தின்னது வெறும் பழம்தானே, ஏழு நாள் அபராதம் வீணாகச் சொல்லிவிட்டாயே என்றேன். "வீணாப் போகல. மண்ணத் தின்னவுக வடமதுரையில இருக்காகள்ல, அவுகளுக்காகச் சொன்னதா இருக்கட்டும்" என்று சொல்லிக்கொண்டே மொட்டைத் தொடுத்தாள். பாதியை மாதா சுரூபத்துக்குப் போட்டாள். மீதியை, காய்ச்சலில் உதிர்ந்தது போக மிச்சமிருந்த தலைமுடியில், இரண்டு ஊசி குத்தி வைத்துக்கொண்டாள். டிசம்பருக்குப் பிறகு அவள் பூ வைப்பது இன்றைக்குத்தான்.